பீவரும் சம்பந்தியும்

1979-ல் வந்த 'நீயா?' படத்தைப் பற்றிப் போன மாதம் எழுதியபோது, நம் வயதுக்காரர்கள் பலர் போன் செய்தார்கள். ஸ்ரீப்ரியா பாம்பாக மாறி, தன் ஜோடியைக் கொன்ற நண்பர்களை ஒவ்வொருவராகத் தேடிப் பிடித்துக் கொத்துவாரே, அந்தப் படம்தான். "இங்கிலீஷ்காரன் இப்படியெல்லாம் எடுப்பானா சார்?" என்று ஒரு நண்பர் கேட்டார். எடுப்பான். நம்மைவிட அதிகமாகவே எடுத்திருக்கிறான். அப்படி ஒரு படத்தை நான் பார்த்த கதையைத்தான் இன்றைக்குச் சொல்லப் போகிறேன். படத்தை விட, யாரோடு உட்கார்ந்து பார்த்தேன் என்பதுதான் விசேஷம்.

முதலில் படம். பெயர் 'ஜாம்பீவர்ஸ்'. 2014-ல் வந்தது. ஜாம்பி என்றால் செத்தும் சாகாமல் நடமாடுகிற பிணம். பீவர் என்பது வட அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் ஆறு, குளங்களில் வாழும் ஒரு பிராணி. சிலர் இதை நீர்நாய் என்று மொழிபெயர்க்கிறார்கள். நீர்நாய் வேறு. அது மீன் தின்பது, நம் காவிரியிலேயே இருக்கிறது. பீவர் எலி, அணில் வகையைச் சேர்ந்தது. பெருச்சாளியை ஆட்டுக்குட்டி அளவுக்கு ஊதி, துடுப்பு மாதிரி தட்டையான ஒரு வாலை வைத்துத் தைத்தால் எப்படி இருக்குமோ, ஏறக்குறைய அப்படி இருக்கும். சுத்த சைவம். மரப்பட்டை, இலை, நீர்த்தாவரம்தான் ஆகாரம். இந்தச் சாதுவான ஜீவனைத்தான் படத்தில் ரத்தக் காட்டேரி ஆக்கியிருக்கிறார்கள்.

கதை இரண்டு வரி. ஒரு லாரிக்காரன் போனைப் பார்த்துக்கொண்டே ஓட்டி ஒரு மானின் மேல் மோதுகிறான். லாரியிலிருந்து ரசாயனக் கழிவு பீப்பாய் ஒன்று உருண்டு ஆற்றில் விழுந்து, மிதந்து போய், பீவர்கள் கட்டிய அணையில் முட்டிக்கொண்டு நிற்கிறது. அதே நேரம் மூன்று கல்லூரிப் பெண்கள், போன் வேண்டாம், பையன்கள் வேண்டாம் என்று சபதம் எடுத்துக்கொண்டு ஏரிக்கரை வீட்டுக்கு விடுமுறைக்கு வருகிறார்கள். பையன்கள் வராமல் இருப்பார்களா? வருகிறார்கள். பீவர்களும் வருகின்றன. அப்புறம் கடிதான்.

பீவர்கள் பொம்மைகள் என்பது முதல் காட்சியிலேயே தெரிந்துவிடும். மறைக்க அவர்கள் முயற்சியே செய்யவில்லை. எடுத்த ஜோர்டன் ரூபின், தொலைக்காட்சிக்கு நகைச்சுவை எழுதி வந்தவர். பயமுறுத்துவது மாதிரி சிரிக்க வைப்பதுதான் அவர் நோக்கம். இந்த வகைக்கு அந்த ஊரில் நீண்ட வம்சாவளி உண்டு. 1975-ல் 'ஜாஸ்' வந்து சுறாவைக் காட்டி உலகத்தையே கடற்கரையிலிருந்து விரட்டியது. அது அள்ளிய பணத்தைப் பார்த்துவிட்டு, கரடி, பிரானா மீன் என்று கிடைத்ததையெல்லாம் படம் பிடித்தார்கள். 1978-ல் ரோஜர் கார்மன் கம்பெனிக்காக ஜோ டான்டே எடுத்த 'பிரானா' அதில் கொஞ்சம் மூளையுள்ள படம். வியட்நாம் யுத்தத்துக்காக அரசாங்கமே வளர்த்த மீன்கள் தப்பித்து ஆற்றில் இறங்கி, கோடை முகாமுக்கு வந்த குழந்தைகளையும், புதிதாகத் திறந்த உல்லாச விடுதிக்காரர்களையும் கடிக்கும். அதன் இரண்டாம் பாகத்தை இயக்கியவர் யார் தெரியுமா? பின்னால் 'டைட்டானிக்' எடுத்த ஜேம்ஸ் கேமரூன். ஆரம்பத்தில் எல்லோரும் ஏதாவது ஒரு பறக்கும் மீனைப் படம் பிடித்தவர்கள்தான்.

இனி, யாரோடு பார்த்தேன் என்பது.

என் மகள் கல்யாணம் 2008-ல் நடந்தது. முகூர்த்தத்தன்று காலை ஆறு மணிக்கு, மாப்பிள்ளை வீட்டாருக்குப் போன காபி ஆறிப்போயிருந்தது என்று ஒரு பேச்சு கிளம்பியது. அது காபியில் ஆரம்பித்து, மரியாதையில் வளர்ந்து, என் சம்பந்தியின் அண்ணா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு மண்டப வாசல் வரை போய்விட்டார். சமாதானம் செய்து அழைத்து வந்தோம். தாலி நல்லபடியாக ஏறியது. காபி சூடாகத்தான் இருந்தது என்பது என் கட்சி. தவசிப்பிள்ளை பாய்லரிலிருந்து பிடித்ததை என் கண்ணால் பார்த்தேன். இன்றைக்கும் அதில் மாற்றமில்லை.

அதற்குப் பின் பதினோரு வருஷம் நானும் சம்பந்தியும் பேசிக்கொண்டது எல்லாம் சேர்த்தால் ஒரு போஸ்ட் கார்டில் அடங்கும். "சௌக்கியமா?" "சௌக்கியம்." "மழை உண்டா அங்கே?" "தேவலை." அவர் வங்கியில் மேலாளராக இருந்து ஓய்வு பெற்றவர். சட்டைக் கை மடிப்பு கலையாத மனுஷர். நானோ பொதுப்பணித்துறையில் 34 வருஷம் ஏரிக்கரைகளில் சேறு மிதித்தவன். விசேஷங்களில் பக்கத்துப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து, எதிர்ச் சுவரைப் பார்த்துக்கொண்டிருப்போம். நடுவில் சங்கடப்பட்டது என் மகள்தான். வெளியே சொல்ல மாட்டாள். அவள் போனில் "அப்பா, அங்க மாமா வந்தா நீங்க..." என்று ஆரம்பித்து, முடிக்காமல் வேறு பேச்சுக்குத் தாவுவாள். அந்த முடிக்காத வாக்கியம்தான் எனக்கு வருத்தம்.

2019-ல் அவள் ஒரு காரியம் செய்தாள். மின்னசோட்டாவில் இருக்கிறாள். எங்களுக்கும் சம்பந்தி வீட்டாருக்கும் ஒரே சமயத்தில் டிக்கெட் போட்டுவிட்டாள். ஏப்ரலிலிருந்து ஆறு மாதம், ஒரே வீட்டில். லீவு கிடைக்கவில்லை, விசா தேதி, என்று ஆயிரம் காரணம் சொன்னாள். எனக்குத் தெரியும், வேண்டுமென்றே செய்தது.

மின்னசோட்டா கார்களின் நம்பர் பிளேட்டிலேயே பத்தாயிரம் ஏரிகள் என்று எழுதியிருப்பார்கள். நம் செங்கல்பட்டையும் ஏரி மாவட்டம் என்றுதான் சொல்வது. ஆனால் அங்கே ஏரி என்பது பனிப்பாறை தோண்டிவிட்டுப் போன பள்ளம். கரை கிடையாது, மதகு கிடையாது, கலங்கல் கிடையாது. பார்க்க அழகு, எனக்கு வேலை இல்லை. முதல் இரண்டு மாதம் நான் ஏரியைப் பார்ப்பதும் சம்பந்தி பேப்பரைப் பார்ப்பதுமாகப் போயிற்று.

ஜூனில் ஒரு சனிக்கிழமை. வெளியே நல்ல மழை. மகளும் மாப்பிள்ளையும் பேரப்பிள்ளைகளோடு ஏதோ பிறந்தநாளுக்குப் போய்விட்டார்கள். என் மனைவியும் சம்பந்தியம்மாவும் தெரிந்தவர்கள் காரில் மேப்பிள் குரோவ் கோயிலுக்கு. அவர்கள் இரண்டு பேரும் முதல் வாரத்திலேயே ரசப்பொடி பரிமாறிக்கொண்டு சிநேகிதமாகிவிட்டார்கள் என்பதைச் சொல்ல வேண்டும். வீட்டில் நானும் அவரும். சுவர்க் கடிகாரம்கூட அங்கே சத்தம் போடாது.

சம்பந்தி டிவியை வைத்தார். ஒரு படத்தில் நீரிலிருந்து தலை நீட்டும் பீவர் தெரிந்தது. "விலங்குகளைப் பத்தின டாகுமெண்டரி போலிருக்கு. பாக்கலாமா சம்பந்தி?" என்றார். இரண்டு மாதத்தில் அவர் என்னிடம் கேட்ட முதல் கேள்வி அது. "ஆகட்டும்" என்றேன்.

முதல் ஐந்து நிமிஷத்தில் லாரிக்காரர்கள் பேசிய பேச்சிலேயே இது டாகுமெண்டரி இல்லை என்று புரிந்துவிட்டது. அப்புறம் அந்தப் பெண்கள் காரில் வந்து இறங்கினார்கள். உடுத்தியிருந்ததும் பேசியதும்... விடுங்கள். நம் தணிக்கைக் குழு பார்த்தால் படத்தில் பீவர் மட்டும்தான் மிஞ்சும். நான் பால்கனிக் கதவைப் பார்த்தேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ரிமோட் எங்கள் நடுவில் டீப்பாயின் மேல் இருந்தது. நான் எடுத்து நிறுத்தினால் அவர் தேர்வைப் பழித்ததாக ஆகும். அவர் நிறுத்தினால் தெரியாமல் வைத்தேன் என்று ஒப்புக்கொண்ட மாதிரி. பதினோரு வருஷ கௌரவம் அந்த ரிமோட்டின் மேல் உட்கார்ந்திருந்தது. யாரும் தொடவில்லை.

நல்லவேளையாக பீவர் வந்தது. குளியலறையில் வந்தது. பையன் ஒருவன் பேஸ்பால் மட்டையால் அடித்துப் பையில் கட்டிப் போட்டான். மறுநாள் பார்த்தால் பையில் இல்லை. ஏரியில் குளிக்கப் போனவன் ஒருவனுக்கு ஒரு பாதம் போயிற்று. மற்றவர்கள் நடு ஏரியில் ஒரு மிதவைப் பலகையில் மாட்டிக்கொண்டார்கள். சுற்றிலும் பொம்மைத் தலைகள். தப்பிக்க ஒருவன் என்ன செய்தான் தெரியுமா? கூட வந்த பெண்ணின் நாய்க்குட்டியைத் தூக்கித் தண்ணீரில் எறிந்தான். சம்பந்தி நாற்காலி நுனிக்கு வந்துவிட்டார். "படுபாவி! வாயில்லா ஜீவனைப் போய்!" அவர் குரல் உயர்ந்து நான் கேட்டது, மண்டப வாசலுக்கு அப்புறம் அதுதான்.

பிறகு பீவர்கள் டெலிபோன் கம்பியைக் கடித்தன. மரத்தைக் கடித்து ரோட்டின் குறுக்கே சாய்த்து, காரை மறித்தன. இங்கேதான் என்னால் சும்மா இருக்க முடியவில்லை. "இது தப்பு" என்றேன். "பீவர் மரத்தை வெட்டும், நிஜம். ஆனா எந்தப் பக்கம் விழணும்னு அதுக்குக் கணக்கு கிடையாது. சமயத்துல தான் வெட்டின மரம் தன் மேலேயே விழுந்து சாகும்." அவர் திரும்பி என்னைப் பார்த்தார். "மத்ததெல்லாம் சரி, இதுதான் தப்பா?" என்றார்.

சிரித்திருக்கலாம். இரண்டு பேரும் சிரிக்கவில்லை. அடக்கிக்கொண்டோம். அடக்கியது பத்து நிமிஷம்கூட நிற்கவில்லை. கடிபட்டவர்களும் பீவராகிவிடுவார்கள் என்பது அந்தப் படத்து சாஸ்திரம். கடிபட்ட பெண் ஒருத்தி கட்டிலில் படுத்திருக்கிறாள். அவளுடைய பற்கள் உதிர்ந்து, முன்பக்கம் மண்வெட்டி மாதிரி இரண்டு பல் முளைக்கிறது. அந்தப் பல்லோடு அவள் திரும்பிப் பார்த்தாளே ஒரு பார்வை! சம்பந்தி 'ஹக்' என்று ஒரு சத்தம் போட்டார். நான் பயந்துபோனேன். பார்த்தால் சிரிப்பு. வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார். அந்தச் சிரிப்பில் அவருடைய மேல் பல்செட் கழன்று மடியில் விழுந்துவிட்டது.

அவருக்குப் பல்செட் என்பதே எனக்கு அதுவரை தெரியாது. அவர் அதைக் கையில் எடுத்து, திரையைப் பார்த்து, என்னைப் பார்த்து, பொக்கை வாயோடு, "எனக்கும் கடிச்சுடுத்து சம்பந்தி" என்றார். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. எவ்வளவு நேரம் சிரித்தோம் என்று தெரியவில்லை. படம் முடிந்து, பழைய காலத்துப் பாடகர் பாணியில் ஒருவர் பீவர் கதையைக் குழைந்து குழைந்து பாடிக்கொண்டிருந்தார். நாங்கள் பாதியைக் கேட்கவே இல்லை.

எழுந்து போய்ப் பல்லைக் கழுவிப் போட்டுக்கொண்டு வந்தவர், நேரே சமையலறைக்குள் போனார். பாத்திரம் உருளும் சத்தம். பத்து நிமிஷத்தில் இரண்டு டம்ளர் காபியோடு வந்தார். என் கையில் ஒன்றைக் கொடுத்துவிட்டு, "சூடு இருக்கா பாருங்கோ" என்றார். ஒரு வாய் குடித்தேன். நாக்கு பொத்துப்போயிற்று. "இருக்கு" என்றேன். கல்யாணத்தைப் பற்றி நாங்கள் பேசியது அவ்வளவுதான்.

காபி குடித்துக்கொண்டே அவர் ஒரு நல்ல கேள்வி கேட்டார். "நம்மூர்ப் படத்துல பாம்பு கொத்தினா அதுக்கு ஒரு நியாயம் இருக்கும். இவன் கொன்னான், அது பழி வாங்கறது. இதுல அந்தப் பசங்க பீவரை என்ன பண்ணினா?" உண்மைதான். நம் கதைகளில் விலங்குக்கு ஞாபகம் உண்டு, கணக்கு உண்டு. நாகம் ஆனாலும் சரி, 2012-ல் வந்த ஈ ஆனாலும் சரி, ஆளைத் தெரிந்துதான் கடிக்கும். அங்கே கடிபடுகிறவன் வேறு, தப்பு செய்தவன் வேறு. பீப்பாயைத் தவறவிட்ட லாரிக்காரன் அவன் பாட்டுக்குப் போய்க்கொண்டே இருக்கிறான். நான் சொன்னேன், பாலாற்றங்கரையில் தோல் கழிவு இறங்கின கிணற்றுத் தண்ணீரைக் குடித்தவனும் யாருக்கும் ஒன்றும் செய்யாதவன்தான் என்று. அவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "உங்க சர்வீஸ்ல இப்படி ஏதாவது பிராணி தொல்லை கொடுத்திருக்கா?" என்றார்.

யாரும் என்னிடம் அப்படிக் கேட்டதில்லை. உத்தியோகத்தில் இருந்தபோது எத்தனை ஏரி, என்ன சம்பளம் என்று கேட்பார்கள். நான் அவரிடம் நண்டைப் பற்றிச் சொன்னேன்.

ஏரிக்கரையைக் கொல்வது வெள்ளம் என்று பலர் நினைக்கிறார்கள். வெள்ளம் கலங்கல் வழியாகப் போய்விடும். அதற்குத்தான் கலங்கல். மண் கரையை உள்ளேயிருந்து கொல்வது வளை. நண்டு வளை, எலி வளை, பெருச்சாளி வளை. கோடையில் குடைந்து வைத்துவிடும். ஐப்பசி, கார்த்திகையில் ஏரி நிரம்பும்போது தண்ணீர் அந்த வழியைக் கண்டுபிடிக்கும். கரையின் வெளிப்பக்கம் தெளிந்த தண்ணீர் கசிந்தால் பரவாயில்லை, எந்தக் கரையும் கொஞ்சம் வேர்க்கும். அதே கசிவு சிவந்து, மண்ணோடு வந்தால், உள்ளே கரை கரைந்துகொண்டிருக்கிறது என்று அர்த்தம். கட்டைவிரல் அளவு தாரை ஒரு மணி நேரத்தில் தொடை அளவாகும். அதற்கு அப்புறம் மேலே இருக்கும் மண் தானே உள்ளே விழும்.

1985 நவம்பர் மழையை நம் பக்கத்தில் யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். ஒரு ஏரி, பெயர் வேண்டாம். கீழே இருநூறு வீடு. கலங்கல் மேல் ஓர் அடி போகிறது. இரவு பதினொரு மணிக்கு நானும் லஸ்கரும் கரையில் நடக்கிறோம். அவருக்கு அப்போதே ஐம்பத்தைந்து வயசு இருக்கும். அரிக்கேன் விளக்கை என்னிடம் கொடுத்துவிட்டு நடுநடுவே நின்று, வெளிச்சரிவில் குனிந்து காதை வைப்பார். மழைச் சத்தத்தில் எனக்கு ஒன்றும் கேட்காது. ஓர் இடத்தில் நிமிர்ந்தார். "தண்ணி பேசுது சார்" என்றார்.

விளக்கைத் தாழ்த்திப் பார்த்தால், கரையடியில் செம்மண் தண்ணீர். ஊருக்குள் ஆள் ஓடியது. தண்டோரா போட நேரமில்லை, கோயில் மணியை அடித்தார்கள். வளை எங்கே வெளியே வருகிறது என்று தெரியும், உள்ளே தண்ணீர்ப் பக்கம் வாய் எங்கே இருக்கிறது? அதை அடைக்காமல் வெளியே என்ன போட்டும் பிரயோஜனம் இல்லை. லஸ்கர் இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு ஏரிக்குள் இறங்கினார். கயிற்றின் மறுமுனை என் கையிலும் ஊர்க்காரர் மூன்று பேர் கையிலும். காலால் துழாவிக்கொண்டே போனார். சட்டென்று முழங்கால் வரை உள்ளே இழுத்தது. "இங்கதான், இங்கதான்" என்று கத்தினார். அந்தக் காலை அவர் வெளியே எடுக்கவில்லை. எடுத்தால் இடம் தவறிவிடும். வைக்கோல் பிரியையும் சாக்கையும் அவர் காலைச் சுற்றியே திணித்து, மணல் மூட்டையை ஒவ்வொன்றாக இறக்கி, கடைசியில்தான் நாலு பேர் சேர்ந்து அவரை உருவினோம். வெளிப்பக்கம் மூட்டைகளை வட்டமாக அடுக்கினோம். மூன்று மணிக்குத் தண்ணீர் தெளிந்தது. அதுவரை நான் கயிற்றை விடவில்லை. உள்ளங்கைத் தழும்பு இப்போதும் இருக்கிறது.

விடிந்ததும் ஊர்க்காரர்கள் கரையில் சூடம் ஏற்றினார்கள். மதுராந்தகம் ஏரியை ராமரும் லட்சுமணரும் வில்லோடு நின்று காத்ததைக் கலெக்டர் லயனல் பிளேஸ் பார்த்தார் என்று நம் பக்கத்தில் சொல்வார்கள் இல்லையா? அதே ராமர்தான் இங்கேயும் வந்தார் என்றார்கள். லஸ்கரும் கையெடுத்துக் கும்பிட்டு அதையே சொன்னார். அவர் கால் வீங்கி ஒரு வாரம் நடக்க முடியவில்லை.

சம்பந்தி கேட்டுக்கொண்டே இருந்தார். கடைசியில் என் கையை வாங்கி, திருப்பி, உள்ளங்கையைப் பார்த்தார்.

அன்று ராத்திரியிலிருந்து அவருக்கு பீவர் பைத்தியம் பிடித்துவிட்டது. பேரனை விட்டுக் கம்ப்யூட்டரில் தேடச் சொல்லி, காலையில் டிபன் சாப்பிடும்போது எனக்கு ஒப்பிப்பார். பீவரின் முன்பல்லில் இரும்புச்சத்து உண்டாம், அதனால்தான் ஆரஞ்சு நிறமாம். ஐரோப்பாக்காரன் தொப்பிக்காக அதன் ரோமத்துக்கு அலைந்து, இனத்தையே ஏறக்குறைய அழித்துவிட்டானாம். 1948-ல் ஐடஹோ மாநிலத்தில் 76 பீவர்களை மரப்பெட்டியில் வைத்து, யுத்தத்தில் மிஞ்சிய பாராசூட்டில் கட்டி, விமானத்திலிருந்து காட்டுக்குள் இறக்கினார்களாம். ஒன்று தவிர எல்லாம் பிழைத்து, போன இடத்தில் அணை கட்ட ஆரம்பித்துவிட்டனவாம். கனடாவில் ஓர் அணை முக்கால் கிலோமீட்டருக்கு மேல் நீளம், செயற்கைக்கோள் படத்தில்தான் கண்டுபிடித்தார்களாம். "பீவர் நெஜமாவே ஆளைக் கொன்னிருக்கு, தெரியுமா?" என்று ஒருநாள் ஓடி வந்தார். 2013-ல் பெலாரஸில் ஒருவர் போட்டோ எடுக்க நெருங்கிப் போய், தொடையில் கடிபட்டு, ரத்தக்குழாய் அறுந்து இறந்திருக்கிறார். அதைச் சொல்லும்போது மட்டும் அவர் சிரிக்கவில்லை.

என்னை உலுக்கியது வேறொரு செய்தி. 1960-களில் ஸ்வீடனில் லார்ஸ் வில்சன் என்ற ஆராய்ச்சியாளர், பீவர் ஏன் அணை கட்டுகிறது என்று சோதித்திருக்கிறார். தண்ணீர் ஓடும் சத்தத்தைப் பதிவு செய்து ஒலிபெருக்கியில் போட்டால், அந்த இடத்தில் தண்ணீரே இல்லாவிட்டாலும் பீவர் வந்து ஒலிபெருக்கியின் மேல் குச்சியையும் சேற்றையும் அப்புகிறதாம். அதற்குக் கசிவு கண்ணில் பட வேண்டியதில்லை. காதில் பட்டால் போதும். சம்பந்தி இதைப் படித்துக்காட்டிவிட்டு என் முகத்தைப் பார்த்தார். இரண்டு பேருக்கும் ஒரே ஆள்தான் நினைவுக்கு வந்தார்.

மாப்பிள்ளை ஒரு சாயங்காலம் எங்களைப் பக்கத்துப் பூங்காவுக்கு அழைத்துப் போனார். காட்டுக்குள் ஓர் ஓடை, குறுக்கே இடுப்பளவு உயரத்துக்குக் குச்சியும் சேறுமாக ஒரு கரை. பின்னால் ஒரு சின்னக் குளம். சுற்றிலும் பென்சில் சீவிய மாதிரி அடிமரங்கள். நான் கரையின் வெளிப்பக்கம் போய்க் குனிந்து பார்த்தேன். தண்ணீர் கசிந்தது. தெளிவாக இருந்தது. நல்ல வேலை. எம் புத்தகம் எழுத வேண்டியிருந்தால் குறை சொல்லாமல் கையெழுத்துப் போட்டிருப்பேன். இருட்டுகிற நேரத்தில் குளத்தில் ஒரு கோடு நகர்ந்தது. தலை மட்டும் தெரிந்தது. சம்பந்தி ஒரு அடி முன்னால் வைத்தார். பளார் என்று வாலால் தண்ணீரை அறைந்துவிட்டு மூழ்கிவிட்டது. அவர் நெஞ்சில் கை வைத்துக்கொண்டு, "படத்துல இந்தச் சத்தத்தை விட்டுட்டானே" என்றார்.

ஊருக்குத் திரும்பிய பிறகு எங்களுக்குள் போன் பழக்கம் வந்தது. கொரோனா சமயத்தில் தினமும். இப்போது மகள் வாக்கியங்களை முடிக்கிறாள். "அப்பா, மாமா கூடப் பேசினீங்களா? என்ன சொன்னார்?" என்று முழுசாகக் கேட்கிறாள்.

இரண்டு வருஷமாக அவருக்குச் சிறுநீரகக் கோளாறு. வாரத்துக்கு மூன்று நாள் டயாலிசிஸ். இந்த 2025 பிப்ரவரியில் ஆஸ்பத்திரிக் கட்டிலிலிருந்து ஒரு செய்தி அனுப்பினார். செக் நாட்டில் பிர்டி என்ற இடத்தில் ஓர் ஈரநிலத்துக்கு அணை கட்டத் திட்டம். 2018-லேயே வரைபடம் தயார். பழைய ராணுவ நிலம் என்பதால் பேச்சுவார்த்தை, அனுமதி என்று ஏழு வருஷம் இழுத்திருக்கிறது. அதற்குள் எட்டு பீவர்கள் வந்து, ஏறக்குறைய திட்டம் போட்ட இடத்திலேயே கட்டி முடித்துவிட்டன. அரசாங்கத்துக்கு 3 கோடி கிரௌன் மிச்சம். கீழே சம்பந்தி எழுதியிருந்தார்: "உங்க டிபார்ட்மெண்ட் ஆளுங்க. டெண்டர் இல்லாம முடிச்சுட்டா."

நாளை அவருக்கு டயாலிசிஸ் நாள். நாலு மணி நேரம் அசையாமல் படுத்திருக்க வேண்டும். ஊசி குத்திய கையை ஆட்டக் கூடாது. இன்னொரு கையில் போனைப் பிடித்துக்கொண்டு அவர் அங்கே பார்க்க, நான் இங்கே பார்க்க, நடுநடுவே குறை சொல்லிக்கொண்டு ஓடுகிறது. பிரானாவை முடித்துவிட்டோம். நாளைக்கு 1972-ல் வந்த 'நைட் ஆஃப் த லீப்பஸ்' எடுத்து வைத்திருக்கிறேன். ஹார்மோன் ஊசி போட்டதில் முயல்கள் பெரிசாகி ஊரைத் தாக்குகின்றன. 'சைக்கோ'வில் குளியலறையில் செத்துப்போன ஜேனட் லீ நடித்தது. பொம்மை ஊர் ஒன்று கட்டி, அதில் நிஜ முயல்களை ஓடவிட்டு எடுத்திருக்கிறார்கள். பல்செட்டைக் கழற்றி வைத்துவிட்டுப் பாருங்கள் என்று அவருக்கு முன்கூட்டியே சொல்லியிருக்கிறேன்.